சிவப்பும் இல்லை, ரோஸும் இல்லை

2016 நவம்பரில் புது 2,000 ரூபாய் நோட்டு வந்தபோது, அதன் நிறத்தை ரிசர்வ் வங்கி பேர் சொல்லியே அறிவித்தது: மெஜந்தா. ஏ.டி.எம். வாசலில் கால்கடுக்க நின்றவர்கள் யாரும் அந்தப் பேரைச் சொன்னதாக எனக்கு நினைவில்லை. ‘ரோஸ் நோட்டு’ என்றார்கள், ‘பிங்க் நோட்டு’ என்றார்கள். செய்தித் தமிழில் அதுவே ‘இளஞ்சிவப்பு நோட்டு’ ஆனது. ஒரே காகிதத்துக்கு மூன்று பேர். அதே வாரத்தில் இன்னொரு கூத்தும் நடந்தது. நோட்டை ஈரத்துணியால் துடைத்தால் சாயம் ஒட்டுகிறதே என்று ஜனங்கள் பதற, அன்றைய பொருளாதார விவகாரத் துறைச் செயலர் சக்திகாந்த தாஸ் விளக்கம் கொடுத்தார்: சாயம் போனால்தான் நல்ல நோட்டு, போகாவிட்டால் அது கள்ள நோட்டு.

பனியன் ஏற்றுமதி செய்யும் திருப்பூரில் இந்த விளக்கத்தை, சரக்கு வாங்கும் எந்த பையரிடமும் சொல்லித் தப்பிக்க முடியாது. இங்கே ஒவ்வொரு லேப்பிலும் ஒரு தேய்ப்புக் கருவி உண்டு. அதன் முனையில் வெள்ளைத் துணியைச் சுற்றி, சாயத்துணியின்மேல் பத்துத் தடவை முன்னும் பின்னும் இழுப்பார்கள். வெள்ளையில் எவ்வளவு கறை ஒட்டியது என்று பார்த்து ஐந்துக்கு மார்க் போடுவார்கள். ஒருமுறை உலர்வாக, ஒருமுறை ஈரமாக. ஈரத் தேய்ப்பில் மார்க் குறைந்தால் சரக்கு கன்டெய்னருக்குள் போகாது. அந்த நோட்டை இந்தக் கருவியில் வைத்திருந்தால் என்ன மார்க் வாங்கியிருக்கும் என்று சாயப்பட்டறைக்காரர் எவரும் கணக்குப் போட்டுவிடுவார்.

இந்தக் கட்டுரைக்குத் தேவை அந்த நோட்டின் நிறம். சிவப்பு என்று சொன்னால் சிவப்புக்காரர் ஒத்துக்கொள்ள மாட்டார், ரோஸ் என்றால் ரோஸ்காரர் ஒத்துக்கொள்ள மாட்டார். நீலத்தின் பக்கம் லேசாகச் சாய்ந்து, வெளிறாமல், கண்ணைப் பறிக்கும் அந்த இடைநிலைச் சிவப்புக்குத் தமிழில் என்ன பேர்? பனியன் நகரத்தில் இந்தக் கேள்விக்குக் காசும் தண்ணீரும் உப்பும் செலவாகிறது. அகராதியிலோ இதற்குச் சரியான பதில் இல்லை.

இளமையே இல்லாத இளஞ்சிவப்பு

பாடப்புத்தகத் தமிழில் பிங்க் என்றால் இளஞ்சிவப்பு. இளமையான சிவப்பு, அதாவது வெள்ளை கலந்து மெலிந்த சிவப்பு. குழந்தைக் கவுனுக்கும் பன்னீர் ரோஜாவின் உள்ளிதழுக்கும் அழகாகப் பொருந்துகிற சொல். ஆனால் 2,000 ரூபாய் நோட்டில் இளமை எங்கே இருக்கிறது? பீட்ரூட்டை நறுக்கிய பலகையில் எங்கே இருக்கிறது? இந்த இடத்தில் நம் எழுத்துத் தமிழ் தடுமாறி ‘அடர் இளஞ்சிவப்பு’ என்று எழுதுகிறது. கிழட்டுக் குழந்தை என்பதுபோல.

தவறு எங்கே என்று சாயப்பட்டறையில் ஒரு நாள் நின்றால் விளங்கிவிடும். அங்கே நிறத்தைப் பற்றிப் பேச இரண்டு சொற்கள் கட்டாயம் வேண்டும்: டெப்த், டோன். டெப்த் என்றால் சாயம் எவ்வளவு ஏறியிருக்கிறது என்பது. டோன் என்றால் எந்தப் பக்கம் சாய்கிறது என்பது. ஒரு சிவப்பை வெளுக்க வைக்கலாம். அது டெப்த் குறைவது. வெளுக்காமலே நீலத்தின் பக்கமோ மஞ்சளின் பக்கமோ தள்ளலாம். அது டோன் மாறுவது. இளஞ்சிவப்பு என்ற சொல்லுக்கு டெப்த் மட்டுமே தெரியும். டோன் தெரியாது. நாம் தேடும் நிறமோ டோனில் பிறந்தது.

கடைத்தெருத் தமிழுக்கு இந்தக் குறை இல்லை. பட்டுக்கடையில் போய் உட்காருங்கள். ராணி கலர், வெங்காய கலர், அரக்கு, மாதுளை, பீட்ரூட், கனகாம்பரம், குங்குமம், தக்காளி, செங்கல் என்று சேலைகள் வந்து விழும். ஒவ்வொரு பேரும் ஒரு திசைகாட்டி. கனகாம்பரம் என்றால் மஞ்சள் பக்கம் சாய்ந்த சிவப்பு. பவளமும் அந்தப் பக்கம்தான். பீட்ரூட் என்றால் நீலப் பக்கம், ஆழமாக. அரக்கு இருண்டது, கொஞ்சம் பழுப்பு தட்டியது. ராணி என்றால் நீலப் பக்கம் சாய்ந்து, ஆனால் இருளாமல், பளிச்சென்று நிற்பது. ‘ராணி’ வடக்கிலிருந்து வந்த பேர்தான். எந்த ராணி என்று யாரும் கேட்பதில்லை. அந்தப் பேரைச் சொன்னதும் கடைப்பையன் எந்த அடுக்கில் கை வைக்க வேண்டும் என்று அறிவான். ஒரு நிறப்பேர் செய்ய வேண்டிய வேலை அவ்வளவுதான்.

வெங்காய கலர் பற்றி மட்டும் கொஞ்சம் நின்று சொல்ல வேண்டும். பல்லடம், பொங்கலூர்ப் பக்கம் விளைகிற சின்ன வெங்காயம் ஒன்றை எடுத்து உரித்துப் பாருங்கள். மேல் சருகு செம்பு நிறம். காகிதம் மாதிரி உதிரும். அதற்கு அடுத்த தோல் ஈரமாக, மினுங்கலாக, நல்ல ஊதா கலந்த சிவப்பு. இன்னொன்று உரித்தால் அதே நிறம் பாதியாக வெளுத்து, நரம்பு நரம்பாகத் தெரியும். அடியில் ரோஸ் நுனி வைத்த வெள்ளை. ஒரே வெங்காயத்துக்குள் நான்கு டெப்த். பட்டுக்கடைக்காரர் ‘வெங்காய கலர்’ என்று சொல்வது எந்தத் தோலை? பெரும்பாலும் மூன்றாவதை. பேச்சில் யாரும் இதை விளக்குவதில்லை, கண்ணுக்குப் பழக்கமாகிவிட்டது.

ஆங்கிலமும் இதே வழியில் வந்ததுதான். பிங்க் என்பது முதலில் ஒரு பூச்செடியின் பேர். 17-ம் நூற்றாண்டில்தான் அது நிறத்தின் பேராக மாறியது. பிரென்ட் பெர்லின், பால் கே என்ற இரண்டு அமெரிக்க ஆய்வாளர்கள் 1969-ல் வெளியிட்ட ஆய்வில், மொழிகளில் அடிப்படை நிறச்சொற்கள் ஒரு வரிசையில்தான் தோன்றுகின்றன என்றார்கள். கறுப்பும் வெள்ளையும் முதலில், அடுத்தது சிவப்பு. பிங்க் கடைசிக் கூட்டத்தில் வரும். ஆகவே தமிழ் இந்த இடத்தில் தாமதித்ததில் வெட்கப்பட ஒன்றுமில்லை. வந்து சேர்ந்த சொல்லை எழுத்தில் சேர்க்காமல் வாசலில் நிறுத்தி வைத்திருப்பதுதான் என் வருத்தம்.

ஒரு பாயிண்ட் ப்ளூ

திருப்பூருக்கு நிறம் பிற்பாடு வந்த விருந்தாளி. 1925 வாக்கில் இங்கே பின்னல் இயந்திரம் வந்தது; அதற்குப் பிறகு அரை நூற்றாண்டுக்கு வெள்ளை பனியன்தான் ஊரின் அடையாளம். 1970-களின் கடைசியில் ஐரோப்பாவுக்கு ஏற்றுமதி தொடங்கியபோது கூடவே கலரும் வந்தது. அந்தக் கலருக்கு வழிவிட்டது 1950-களின் ஒரு கண்டுபிடிப்பு. பருத்தி நூலின் மேல் சும்மா ஒட்டிக்கொள்ளாமல், நூலோடு வேதிப் பிணைப்பாகவே கட்டிக்கொள்கிற ரியாக்டிவ் சாயத்தை பிரிட்டனின் ஐ.சி.ஐ. நிறுவனத்தில் ராட்டி, ஸ்டீபன் என்ற இருவர் கண்டுபிடித்தார்கள். 1956-ல் அது சந்தைக்கு வந்தது. இன்று இங்கே சாயமேறும் பருத்தித் துணியில் பெரும்பகுதி இந்தக் குடும்பத்துச் சாயத்தில்தான்.

பையரிடமிருந்து வருவது ஒரு உறை. உள்ளே ஒரு துண்டுத் துணி இருக்கும். சில சமயம் அதுவும் இல்லாமல் வெறும் எண். சாய ஆலையின் லேப்பில் ஐந்து கிராம், பத்து கிராம் துணியைச் சின்ன எஃகுக் குடுவைகளில் போட்டு, சாயக் கரைசலை அளந்து சொட்டி, உப்பும் சோடா ஆஷும் சேர்த்து, 60 டிகிரியில் சுழல விடுவார்கள். துவைத்து, சோப்பு நீரில் கொதிக்கவிட்டு, உலர்த்தி, ஏ, பி, சி என்று மூன்று மாதிரிகள் அட்டையில் ஒட்டி அனுப்புவார்கள். இதற்குப் பேர் லேப் டிப். மூன்றில் ஒன்று ஓகே ஆகும்வரை நூல் வாங்கிய காசு, பின்னி வைத்த, சாயமேறாத கிரே துணி, கப்பல் தேதி எல்லாம் அந்த அட்டையின் மேல்தான் நிற்கும்.

இதையொட்டி நடக்கும் போன் பேச்சு பெரும்பாலும் இப்படித்தான் போகும்:

“அண்ணா, அந்த 18-1750 பாத்தீங்களா? பையர் கமென்ட் வந்திருக்குங்க.”

“சொல்லுங்க தம்பி.”

“பி ஆப்ஷன் கிட்ட வந்துருச்சாமா. ஒரு பாயிண்ட் ப்ளூ அடிக்குதுங்கறாங்க. கொஞ்சம் செவப்புக்குத் தள்ளச் சொல்றாங்க.”

“செவப்புக்குத் தள்ளுனா டல்லாயிருமுங்க. போன தடவ டல்லுன்னுதானுங்க திருப்பி உட்டாங்க?”

“டல்லும் வேண்டாமாமாண்ணா. பிரைட்டாவே இருக்கோணுமாம்.”

“செரி, அந்த ப்ளூவ எடுத்துப்போட்டுப் பாக்கறனுங்க. வெள்ளிக்கெழம ஆள் அனுப்புங்க.”

இந்தப் பேச்சில் நிறத்தின் பேர் ஒருமுறைகூட வரவில்லை என்பதைக் கவனித்தீர்களா? எண், திசை, உயிர். மூன்றே விஷயம். ‘டல்’ என்பதைச் சாய மாஸ்டர்கள் தங்களுக்குள் பேசும்போது ‘கலர்ல உயிர் இல்லை’, ‘செத்த கலர்’ என்றும் சொல்வார்கள்.

அந்த ‘ஒரு பாயிண்ட்’ எவ்வளவு என்று பார்ப்போம். ராணி மாதிரியான நிறத்தின் ரெசிபியில் முக்கால்வாசிக்கு மேல் சிவப்புச் சாயம். மஞ்சளோ நீலமோ துளி. துணியின் எடையில் 0.01 சதவீதம் நீலம் கூடினால் கண் அதைப் பிடித்துவிடும். 500 கிலோ லாட்டில் 0.01 சதவீதம் என்றால் 50 கிராம். ஒரு கைப்பிடிகூட வராது. அந்த 50 கிராம் தராசில் ஏறியதா இல்லையா என்பதில் அரை டன் துணியின் கதை இருக்கிறது. நல்ல இருட்டு நீலத்திலோ கறுப்பிலோ இந்த 50 கிராம் காணாமல் போயிருக்கும். பளிச்சென்ற சிவப்பு எதையும் மறைக்காது. லேப்பில் பத்து கிராமுக்குப் பொருந்திய ரெசிபி, ஆலையில் 500 கிலோவுக்கு அப்படியே பொருந்துவதும் இல்லை. தண்ணீரின் கடினத்தன்மை, நூலின் லாட், பிளீச்சில் துணி எவ்வளவு வெளுத்தது என்று ஒவ்வொன்றும் ஒரு கை பார்க்கும்.

மாஸ்டர் ஈரத்துணியைப் பார்த்துத் தீர்ப்புச் சொல்ல மாட்டார். ஈரத்தில் எந்தக் கலரும் ஒரு படி ஆழமாகத்தான் தெரியும். ஓரத்தில் ஒரு துண்டை வெட்டி, பிழிந்து, அயர்ன்பாக்ஸால் தேய்த்து உலர்த்துவார். உடனே பார்க்கவும் மாட்டார். சூட்டிலும் சிவப்பு வேறு மாதிரி நிற்கும். ஆறவிட்டு, மடித்து, பையர் அனுப்பிய ஸ்டாண்டர்டு துண்டின் ஓரத்தோடு ஓரம் ஒட்டவைத்துத்தான் பார்ப்பார். நடுவில் கோடு தெரிந்தால் இன்னும் வேலை இருக்கிறது. கோடு கரைந்தால் லைட் பாக்ஸுக்குப் போகலாம்.

லைட் பாக்ஸ் என்பது உட்புறம் சாம்பல் பூசிய ஒரு பெட்டி. பொத்தானை அழுத்தினால் அதற்குள் பகல் வரும், ஐரோப்பியக் கடையின் டியூப்லைட் வரும், வீட்டு மஞ்சள் பல்பு வரும். அவற்றுக்கு டி65, டிஎல்84, ஏ என்று பேர். பகலில் இரட்டைப் பிள்ளைகள்போல் ஒத்திருந்த இரண்டு துண்டுகள் மஞ்சள் வெளிச்சத்தில் யாரோ எவரோ என்று பிரிந்து நிற்கும். இரண்டு வேறு சாயக்கலவைகள் ஒரு வெளிச்சத்தில் மட்டும் ஒன்றாகத் தெரிந்து ஏமாற்றுவதை மெட்டாமெரிசம் என்பார்கள்.

பேர் தெரியாவிட்டாலும் இந்த வித்தை நம் வீட்டுப் பெண்களுக்குத் தலைமுறையாகத் தெரியும். சேலையை எடுத்துக்கொண்டு கடை வாசலுக்குப் போய் வெயிலில் விரித்துப் பார்க்காமல் என் அம்மா ஒரு சேலைகூட வாங்கியதில்லை. கடைக்காரர் முகம் சுளித்ததும் நினைவிருக்கிறது. அம்மா செய்தது டி65 சோதனை. இன்னும் ஒரு படி மேலே போனால் மேட்சிங் சென்டர். டூ பை டூ பிளவுஸ் துணி சுவர் முழுக்க அடுக்கியிருக்கும். சேலையின் ஓரத்தை ஒரு விநாடி பார்த்துவிட்டு, திரும்பிப் பார்க்காமலே பின்னால் கைநீட்டி ஒரு கட்டை உருவும் அந்தக் கடைப் பெண்ணுக்கு எந்த லேப்பும் சான்றிதழ் கொடுத்ததில்லை. கொடுத்திருக்க வேண்டும்.

கண்ணுக்கும் கண்ணுக்கும் சண்டை வந்தால் இயந்திரம் தீர்த்துவைக்கும். 1976-ல் வகுக்கப்பட்ட அளவுமுறைப்படி எந்த நிறத்தையும் மூன்று எண்ணில் சொல்லலாம்: எவ்வளவு வெளிச்சம், சிவப்புக்கும் பச்சைக்கும் நடுவில் எங்கே, மஞ்சளுக்கும் நீலத்துக்கும் நடுவில் எங்கே. ஸ்டாண்டர்டுக்கும் சாம்பிளுக்கும் உள்ள தூரம் டெல்டா ஈ. அது ஒன்றுக்குள் வந்தால் பொதுவாக பாஸ். ஆனால் இயந்திரம் பாஸ் போட்டு பையர் ஃபெயில் போட்ட கதைகள் திருப்பூரில் ஏராளம். குறிப்பாகச் சிவப்பில்.

மழையில் இல்லாத நிறம்

வானவில்லில் இந்த நிறத்தைத் தேடினால் கிடைக்காது. ஒரு முனையில் சிவப்பு, மறுமுனையில் ஊதா. இரண்டும் சந்திப்பதே இல்லை. சந்தித்தால் பிறக்க வேண்டியதுதான் மெஜந்தா. தனி அலைநீளம் அதற்குக் கிடையாது. கண்ணுக்குள் சிவப்பை உணரும் செல்லும் நீலத்தை உணரும் செல்லும் ஒன்றாகத் தூண்டப்பட்டு, பச்சையை உணர்வது சும்மா இருந்தால், மூளை தானாக இட்டுக் கட்டிக்கொள்கிற நிறம் அது. இயற்கை இதை ஒளியில் வைக்கவில்லை. பூவில் வைத்தது, பழத்தில் வைத்தது, பூச்சியில் வைத்தது.

பூச்சி என்றதும் நம் சொற்களே பேச ஆரம்பிக்கின்றன. அரக்கு என்ற நிறப்பேர் அரக்குப் பூச்சியின் பிசினிலிருந்து வந்தது. காலுக்குப் பூசிய செம்பஞ்சுக் குழம்பும் அந்தப் பூச்சியின் சொத்து. ஆங்கிலத்தின் கிரிம்சன் என்ற சிவப்புப் பேரை அரபி வழியாகப் பின்னோக்கிப் போய்ப் பிடித்தால் வடமொழியின் ‘க்ருமி’யில் முடிகிறது. ஆஸ்பத்திரியில் கைகழுவச் சொல்லிப் பயமுறுத்துகிறார்களே, அதே கிருமி. பூச்சியை நசுக்கி எடுத்த சிவப்பு என்பதால் அந்தப் பேர்.

சென்னைக்கும் இதில் ஒரு பங்கு உண்டு. 18-ம் நூற்றாண்டில் உலகின் விலையுயர்ந்த சிவப்பு, மெக்சிகோவின் கள்ளிச்செடியில் வளரும் காக்கினீல் பூச்சியிலிருந்து வந்தது. ஸ்பெயின் அதை யாருக்கும் விட்டுக்கொடுக்காமல் காத்தது. அதை இங்கே வளர்த்துவிட வேண்டும் என்று மதராஸில் இருந்த கிழக்கிந்தியக் கம்பெனி மருத்துவர் ஜேம்ஸ் ஆண்டர்சன் 1780-களின் கடைசியில் சைதாப்பேட்டையில் ஒரு கள்ளித் தோட்டமே போட்டார். நல்ல பூச்சி கடைசிவரை கைக்கு வரவில்லை. 1795-ல் பிரேசிலிலிருந்து வங்காளத்துக்கு வந்து சேர்ந்தது வேறொரு இனம். அதில் சாயம் மட்டம். கள்ளியைத் தின்பதில் மட்டும் கெட்டிக்காரப் பூச்சி. பிறகு 19-ம் நூற்றாண்டில் தென்னிந்தியாவில் பரவிக் கிடந்த ஒருவகைச் சப்பாத்திக்கள்ளியை அழிக்க அதையே பயன்படுத்தினார்கள். களையை அழிக்கப் பூச்சியை ஏவிய ஆதி உதாரணங்களில் ஒன்றாக அறிவியல் அதை வைத்திருக்கிறது. சிவப்புக்கு ஆசைப்பட்டுப் போய் முள்ளை ஒழித்த கதை.

கொங்கு வறட்டுக் காட்டில் சப்பாத்திக்கள்ளி இன்னும் இருக்கிறது. அதன் பழத்தை முள் நீக்கித் தின்றவர்களுக்கு நான் சொல்லும் நிறம் எது என்று விளக்கவே வேண்டாம். நாக்கில், உதட்டில், சட்டையில் ஒட்டிக்கொண்டு வீட்டில் காட்டிக்கொடுக்குமே, அதுதான்.

இயற்கைச் சிவப்பின் காலத்தை முடித்துவைத்தது 19-ம் நூற்றாண்டின் வேதியியல். 1856-ல் லண்டனில் வில்லியம் பெர்கின் செயற்கை ஊதாவைக் கண்டுபிடித்தார். சில ஆண்டுகளில் பிரான்சின் லியோன் நகரத்தில் வெர்கின் என்பவர் நீலம் சாய்ந்த ஒரு பளிச்சென்ற சிவப்பைக் கொண்டுவந்தார். முதலில் வைத்த பேர் ஃபியூஷா பூவை நினைவூட்டும் ஃபியூஷின். 1859 ஜூன் 4-ம் தேதி இத்தாலியில் மெஜந்தா என்ற சின்ன ஊரில் பிரெஞ்சுப் படை ஆஸ்திரியர்களை வென்றது. வெற்றியின் பேர் சாயத்துக்கு ஒட்டிக்கொண்டது. பூவின் பேரில் தொடங்கி போர்க்களத்தின் பேரில் நிலைத்துவிட்ட நிறம் நம் ரூபாய் நோட்டுவரை வந்துவிட்டது.

எண்ணில் குடியிருக்கும் ராணி

இப்போது நிறத்துக்குப் பேர்வைக்கும் அதிகாரம் அமெரிக்காவின் நியூஜெர்சியில் இருக்கிறது. லாரன்ஸ் ஹெர்பர்ட் 1963-ல் அச்சுத் தொழிலுக்காகத் தொடங்கிய பான்டோன் அட்டைகள் பிறகு துணிக்கும் வந்தன. பருத்தியில் சாயமேற்றிய 2,600-க்கும் மேற்பட்ட நிறங்கள், ஒவ்வொன்றுக்கும் ஒரு எண், ஒரு பேர். எண்ணைப் படிக்கத் தெரிந்தால் சுவாரசியமானது. 18-1750 என்றால், 18 ஆழம். 11 வெளிறியது, 19 இருண்டது. நடுவிலுள்ள 17 நிறவட்டத்தில் அது நிற்கும் இடம். கடைசி 50 அதன் பளிச்சுத்தனம். டெப்த், டோன், உயிர். மாஸ்டர் போனில் பேசிய அதே மூன்றுதான்!

2000-ம் ஆண்டிலிருந்து பான்டோன் ஆண்டுக்கொரு நிறத்தை அறிவிக்கிறது. நம் நிறத்தின் உறவுக்காரர்கள் அதில் பலமுறை வந்திருக்கிறார்கள். 2001-ல் ஃபியூஷா ரோஸ், 17-2031. 2002-ல் ட்ரூ ரெட், 19-1664. 2011-ல் ஹனிசக்கிள், 18-2120. 2023-ல் விவா மெஜந்தா, 18-1750. இதற்குத் தூண்டுதல் காக்கினீல் பூச்சிதான் என்று அவர்களே சொன்னார்கள். சைதாப்பேட்டை ஆண்டர்சன் கேட்டிருந்தால் பெருமூச்சு விட்டிருப்பார். நடு எண்களை மட்டும் பாருங்கள்: அசல் சிவப்பு 16. மெஜந்தா 17. ஃபியூஷா 20. ஹனிசக்கிள் 21. பதினாறுக்கும் இருபத்தொன்றுக்கும் இடையிலான அந்தச் சின்னச் சந்தில்தான் நம் ராணி குடியிருக்கிறாள்.

ஹனிசக்கிள் நம் ஊர்ப் பூ இல்லை. ஆனால் சீன ஹனிசக்கிள் என்று ஆங்கிலத்தில் பேர்பெற்ற கொடி இங்கே காம்பவுண்டு சுவர்தோறும் தொங்குகிறது: ரங்கூன் மல்லி. சாயங்காலம் வெள்ளையாக விரியும் பூ மறுநாள் ரோஸ் ஆகி, அதற்கடுத்து சிவந்துவிடும். ஒரே கொத்தில் மூன்று நாள் பூக்களும் சேர்ந்து தொங்கும்போது பார்த்தால், லாட் வாரியாக வெட்டி ஒட்டிய ஷேடு பேண்டு போலவே இருக்கும்.

அந்த ஹனிசக்கிள் ஆண்டை திருப்பூர் மறக்காது. காரணம் பூ இல்லை. செம்மை கலந்த பிங்க் என்று சொல்லி உலகம் அந்த நிறத்தைக் கொண்டாடத் தொடங்கிய புதிதில், 2011 ஜனவரி 28 அன்று, சென்னை உயர்நீதிமன்றம் திருப்பூரின் சாய, சலவை ஆலைகளை மூடச் சொல்லிவிட்டது. 700-க்கும் மேற்பட்ட ஆலைகள் நின்றன. துணிகள் சாயமேற வெளிமாநிலங்களுக்கு லாரி ஏறின. நொய்யல் விவசாயிகள் ஆண்டுக்கணக்கில் நீதிமன்றப் படியேறியதன் முடிவு அது. பாசனத்துக்காக 1992-ல் நொய்யலின் குறுக்கே கட்டிய ஒரத்துப்பாளையம் அணை, சாயக்கழிவின் தொட்டியாக மாறியிருந்தது. தண்ணீர் கேட்க வேண்டிய விவசாயி, தண்ணீரைத் திறந்துவிடாதே என்று கேட்கும் நிலை வந்தது.

குற்றவாளி என்று நிறத்தைச் சொல்கிறோம். கண்ணில் பட்டது அதுதான். மண்ணைக் கெடுத்ததில் பெரும்பங்கு உப்புக்கு. சாயத்தை நூலை நோக்கி விரட்ட உப்பு வேண்டும். வேலை முடிந்ததும் ஒரு துளி குறையாமல் அது அப்படியே தண்ணீரோடு வெளியே வரும். கணக்கு ஒன்று போட்டுப் பார்க்கலாம். 500 கிலோ துணிக்கு, கிலோவுக்கு ஆறு லிட்டர் வீதம் 3,000 லிட்டர் தண்ணீர். வெளிறிய ரோஸுக்கு லிட்டருக்கு 25 கிராம் உப்பு போதும் என்று வைத்தால் 75 கிலோ. ஆழமான ராணிக்கு லிட்டருக்கு 75 கிராம் என்றால் 225 கிலோ. இளஞ்சிவப்புக்கும் ராணிக்கும் நடுவில் 150 கிலோ உப்பு இருக்கிறது. இரண்டையும் ஒரே சொல்லால் குறிப்பிடுகிறவர் ஒரு லாட்டுக்கு மூன்று மூட்டை உப்பை மறந்துவிடுகிறார். ராணி, கறுப்பு மாதிரி ஆழமான நிறங்களில் நூலில் ஒட்டாத சாயமும் அதிகம் மிஞ்சும். அதைக் கழுவ இன்னும் தண்ணீர், இன்னும் கொதிநீர்.

இன்று கழிவு வெளியேறா முறைப்படி அந்தத் தண்ணீரைச் சவ்வு வழியே வடித்து, மீதியைக் காய்ச்சி, உப்பைப் பிரித்து, சில பொதுச் சுத்திகரிப்பு நிலையங்களில் அந்த உப்புக் கரைசலையே மறுபடி சாயத்தொட்டிக்கு அனுப்புகிறார்கள். செலவு ஆலைக்காரர் தலையில். நொய்யல் முழுக்கக் குணமாகிவிட்டது என்று நான் சொல்ல மாட்டேன். ஆற்றங்கரைக்காரர்கள் அடிக்க வருவார்கள். ஆனால் உலகில் வேறு எத்தனையோ சாய நகரங்கள் இன்னும் எட்டிப்பார்க்காத இடத்துக்கு இந்த ஊர் அடிபட்டு வந்து சேர்ந்திருக்கிறது. பேர் நியூஜெர்சியிலிருந்து வருகிறது. அந்தப் பேருக்கான உப்பைச் சுமப்பது நொய்யல் கரை. சரக்கு போகும் அட்டைப்பெட்டியின் ஸ்டிக்கரில் முன்னது மட்டும் அச்சாகும்.

திருப்பூர் காதர்பேட்டையில் ஏற்றுமதி மிச்சச் சரக்கு விற்கும் கடைகளில் அந்த அட்டைப்பெட்டிகள் கிழிந்த ஸ்டிக்கரோடு கிடக்கும். ஸ்டைல் எண், அளவு, அதற்குக் கீழே ஏதோ பழத்தின் பேரிலோ பூவின் பேரிலோ ஒரு ஆங்கில நிறம். கடைக்காரர் அதைப் படிப்பதில்லை. “ராணி கலர்ல எம் சைஸ் ரெண்டு எடுறா கண்ணு” என்று பையனிடம் சொல்கிறார். பையனும் பெட்டியைப் பார்க்காமல் துணியைப் பார்த்து எடுத்துத் தருகிறான்.

உள்நாட்டுச் சந்தைக்குச் சொந்த பிராண்டில் டி-ஷர்ட் போடும் திருப்பூர்க்காரர்களுக்கு ஒரு விண்ணப்பம். ஏற்றுமதிக்கு பையர் சொன்ன பேரையே அச்சடியுங்கள், அது ஒப்பந்தம். ஈரோட்டுக்கும் மதுரைக்கும் போகிற சட்டையின் டேகில் ‘ராணி’ என்றும் ‘வெங்காயம்’ என்றும் ‘கனகாம்பரம்’ என்றும் தமிழில் அச்சடித்தால் என்ன? பத்திரிகைக்காரர்களுக்கும், அதாவது எனக்கும் சேர்த்து, இன்னொன்று: அடுத்த தடவை அந்த நிறத்தைப் பார்த்தால் ‘அடர் இளஞ்சிவப்பு’ என்று எழுத வேண்டாம். ராணி என்றே எழுதலாம். காதர்பேட்டையில் அது அந்தப் பேரில்தான் விற்கிறது.